ஷாக்கேன் அய்மானொவ்: நடிகரா, இயக்குநரா?

கசாக் (கசகஸ்தான்) திரையுலகில் அய்மானொவை நடிகராகக் கருத வேண்டுமா, இயக்குநராகவா என்பது கேள்வி. இயக்குநர் என்றே பலர் அறிந்திருந்தாலும், அவருடைய கலையின் வேர் மேடையில்தான் இருக்கிறது என்பது என் உறுதியான கருத்து.

1914இல் பயனவூலில் பிறந்து செமிபலாத்தின்ஸ்கில் படித்துக்கொண்டிருந்த அவரை, எழுத்தாளர் கபித் முசிரேபொவ் அடையாளம் கண்டு அழைத்ததன் பேரில், 1933இல் அல்மாட்டியின் கசாக் நாடக அரங்கில் சேர்ந்தார். அந்த அரங்கு அப்போது மிக இளையது. கசாக் மொழியில் தொழில்முறை நடிப்பு எப்படி அமைய வேண்டும் என்பதையே அவருடைய தலைமுறை மேடையில் நின்று உருவாக்க வேண்டியிருந்தது. ஷேக்ஸ்பியரின் பெட்ரூக்கியோ, ஒத்தெல்லோ ஆகிய வேடங்கள் அவருக்குப் பெரும்புகழ் தந்தன.

மக்கள் பாடகர் ஜம்புலின் வாழ்வைச் சொல்லும் படத்தில், நாற்பதை எட்டாத வயதிலேயே, அந்த முதுபெரும் கவிஞராக அவர் நடித்தது மேடைப் பயிற்சியின் நேரடிப் பயன் என்பேன். அவர் 1954இல் இணைந்து இயக்கிய முதல் படமும் ஒரு மேடை நாடகத்தின் திரைவடிவமே. 1964இல் வெளிவந்த ‘தாடியில்லா ஏமாற்றுக்காரன்’ படத்தை இயக்கியதோடு, நாட்டுப்புறக் கதைநாயகன் அல்தார் கோசேயாகவும் அவரே நடித்தார்.

போரில் இறந்த மகனின் எச்சங்களைத் தேடி முதியவர் ஒருவர் பேரனுடன் ரயிலேறும் ‘தந்தையர் நிலம்’ (1966) அவர் இயக்கியவற்றில் ஆகச் சிறந்தது. 1970 டிசம்பரில் மாஸ்கோவில் கார் மோதி அவர் இறந்தார்; கசாக்ஃபிலிம் நிறுவனம் இன்று அவர் பெயரைத் தாங்கியுள்ளது.