ஒரு ஸ்லாஷ், ஒரு முக்காற்புள்ளி: கணினி கேள்வி பதில்

மவுஸால் இழுத்துப் போட்ட காப்பி பாதியில் நின்று கழுத்தறுத்த கதைகள் இந்தத் தடவை நிறைய வந்திருக்கின்றன. அதனால் பக்கம் முழுவதையும் கட்டளை கொடுத்து ஃபைல்களை நகலெடுப்பதற்கே ஒதுக்கிவிட்டேன். கட்டளைகளை வாயால் சொல்வதுபோலத் தமிழிலேயே எழுதுகிறேன். கணினியில் ஆங்கிலத்தில் தட்டுங்கள், ‘பெரிய எழுத்து’ என்று நான் சொல்லாத இடமெல்லாம் சின்ன எழுத்துதான்.

கேள்வி: ஃபோட்டோ ஸ்டூடியோ வைத்திருக்கிறேன். ஒரு கல்யாணத்துக்குப் படமும் வீடியோவுமாக 300 ஜிபி சேர்ந்துவிடுகிறது. விண்டோஸில் எக்ஸ்டர்னல் ஹார்ட் டிஸ்குக்கு காப்பி போட்டால் நடுவில் ஏதாவது ஒரு ஃபைலில் நின்றுவிடுகிறது. எது போனது, எது போகவில்லை என்று தெரியாமல் மறுபடி முதலிலிருந்து போடுகிறேன். வேறு வழி உண்டா?
– ஒரு வாசகர், திருநெல்வேலி

பதில்: உண்டு, அது உங்கள் கணினியிலேயே இருக்கிறது. ரோபோகாப்பி என்று பெயர். இதில் வரும் ரோபோ இயந்திர மனிதன் இல்லை, ‘ரோபஸ்ட்’ என்பதன் சுருக்கம், எதற்கும் அசைந்து கொடுக்காதது என்று பொருள். விஸ்டா காலத்திலிருந்து விண்டோஸோடு சேர்ந்தே வருகிறது.

கமாண்ட் ப்ராம்ப்ட்டைத் திறந்து, ரோபோகாப்பி என்று தட்டி, இடம் விட்டு மூல ஃபோல்டர், இடம் விட்டுப் போய்ச் சேர வேண்டிய ஃபோல்டர், கடைசியில் ஸ்லாஷ் இ. இந்த ‘இ’ உள்ளே இருக்கும் ஃபோல்டர்களையும் அள்ளிக்கொண்டு வரச் சொல்கிறது. நடுவில் கரண்ட் போனாலும் கேபிள் கழன்றாலும் கவலை வேண்டாம், அதே கட்டளையை அப்படியே திரும்பக் கொடுங்கள். அளவும் தேதியும் ஒத்துப்போகிற ஃபைல்களைத் தொடாமல் தாண்டிப் போய் மிச்சத்தை மட்டும் எடுக்கும்.

ஆனால் ஸ்லாஷ் ஆர் கோலன் 2, ஸ்லாஷ் டபிள்யூ கோலன் 5 இந்த இரண்டையும் கட்டாயம் சேருங்கள். படிக்க முடியாத ஃபைல் வந்தால் 2 தடவை மட்டும் முயன்று பார், நடுவில் 5 விநாடி பொறு, அப்புறம் அடுத்ததற்குப் போ என்று அர்த்தம். இதைச் சொல்லாவிட்டால் ரோபோகாப்பி தன் இயல்பில் ஒரு ஃபைலை 10 லட்சம் தடவை முயலும், ஒவ்வொரு தடவைக்கும் நடுவே 30 விநாடி காத்திருக்கும். பெருக்கிப் பார்த்தால் ஒரே ஒரு கெட்டுப்போன படத்துக்காக 347 நாள். ‘ரோபோகாப்பி தொங்கிவிட்டது’ என்று சொல்கிறவர்களில் பலருக்கு உண்மையில் நடப்பது இதுதான்.

ஃபோல்டர் பெயரில் இடைவெளி இருந்தால் மேற்கோள் குறிக்குள் போட வேண்டும். மூடும் குறிக்கு முன்னால் பின்சாய்வுக் கோடு வரக் கூடாது, வந்தால் அந்தக் குறியையே பெயரின் பகுதியாக எடுத்துக்கொண்டு குழம்பும். எல்லாம் முடிந்ததும் அடியில் ஒரு சின்ன அட்டவணை வரும். அதில் ‘ஃபைல்ஸ்’ வரிசையில் ‘ஃபெயில்டு’ என்ற கட்டத்தைப் பாருங்கள். அங்கே 0 இருந்தால் மட்டும் கேமரா கார்டை அழியுங்கள், 1 இருந்தாலும் கார்டைத் தொடாதீர்கள். அந்த ஒன்று தாலி கட்டுகிற படமாக இருக்கலாம்.

உங்களுக்குப் பெரிய வீடியோ மட்டும் போக மறுக்கிறது என்றால் காரணம் வேறு. டிஸ்க் ஃபேட் 32 முறையில் ஃபார்மேட் ஆகியிருக்கும், அதில் 4 ஜிபி அளவுள்ள ஒரே ஃபைலை வைக்க முடியாது. டிஸ்கில் இருப்பதை வேறிடத்தில் எடுத்து வைத்துவிட்டு எக்ஸ்ஃபேட் முறையில் ஃபார்மேட் செய்யுங்கள்.

கேள்வி: லினக்ஸில் ஃபைல்களை நகலெடுக்கும் ஆர்சிங்க் கட்டளையைக் கற்றுக்கொண்டிருக்கிறேன். மூல ஃபோல்டரின் பெயருக்குப் பின்னால் சிலர் ஸ்லாஷ் போடுகிறார்கள், சிலர் போடுவதில்லை. வித்தியாசம் உண்டா?
– ஒரு கல்லூரி மாணவி, கோவை

பதில்: நிறைய உண்டு. ஸ்லாஷ் இல்லையென்றால் சம்படத்தோடு தூக்கிக்கொண்டு போய் வைக்கும், ஸ்லாஷ் போட்டால் சம்படத்தில் இருக்கிற முறுக்கை மட்டும் கொட்டும். ‘படங்கள்’ என்ற ஃபோல்டரை ஸ்லாஷ் இல்லாமல் கொடுத்தால் அந்தப் பக்கம் ‘படங்கள்’ என்று ஒரு ஃபோல்டர் உருவாகி அதற்குள் எல்லாம் போகும். ஸ்லாஷோடு கொடுத்தால் உள்ளே இருப்பவை மட்டும் போய் அங்கே ஏற்கெனவே இருப்பதோடு கலக்கும். சாதாரண காப்பியில் இது பெரிய விஷயமில்லை, குழப்பத்தைக் கையால் சரி செய்துவிடலாம். கூடவே ‘டிலீட்’ என்ற விருப்பத்தையும் கொடுத்திருந்தால்தான் வினை. மூலத்தில் இல்லாததையெல்லாம் நகலிலும் அழித்துவிடு என்பது அதற்குப் பொருள். இடம் தவறிப் போன ஸ்லாஷும் டிலீட்டும் சேர்ந்தால், அந்தப் பக்கம் இருந்த வேறு ஃபோல்டர்கள் கேள்வி கேட்காமல் காலியாகும்.

இதை நான் புத்தகத்தில் படித்துச் சொல்லவில்லை. என் அப்பா காலமாவதற்கு முந்தைய இரண்டு வருடம் அவர் பேசியது, பாடியது, பேரனுக்குக் கதை சொன்னது எல்லாவற்றையும் பதிவு செய்து ஒரு டிஸ்கில் வைத்திருந்தேன். அதன் நகல் இன்னொரு டிஸ்கில். தினமும் ராத்திரி ஆர்சிங்க் தானாக ஓடி, டிலீட் விருப்பத்தோடு, இரண்டையும் ஒன்றாக வைத்திருக்கும். ஒருநாள் மூல டிஸ்க் பழுதாகி மவுண்ட் ஆகவில்லை, அதாவது கணினியோடு இணையவில்லை. ஆனால் மவுண்ட் ஆக வேண்டிய ஃபோல்டர் காலியாக அதே இடத்தில் இருந்தது. ஆர்சிங்குக்கு அது மூலத்தில் எல்லாம் அழிக்கப்பட்டதுபோலத் தெரிந்தது, சொன்ன சொல் தவறாமல் நகலையும் அழித்துவிட்டது. எந்த நாளுக்காக அந்த நகலை வைத்திருந்தேனோ அந்த நாளிலேயே அது போனது. அக்காவின் போனில் இருந்த 11 பதிவுகள் மட்டும் தப்பின. அப்பா சொன்ன கதைகளில் ஒன்றுகூட அதில் இல்லை.

அதனால் உங்களிடம் மூன்று விஷயம் கேட்டுக்கொள்கிறேன். டிலீட் கொடுக்கும்போதெல்லாம் முதலில் மைனஸ் என் சேர்த்து ஒத்திகை பாருங்கள், என்னென்ன அழியும் என்று பட்டியல் மட்டும் காட்டும், எதையும் தொடாது. தானாக ஓடுகிற வேலையில் ‘மேக்ஸ் டிலீட்’ என்ற விருப்பத்தில் ஓர் எண் கொடுத்து வையுங்கள், அதற்கு மேல் அழிக்காமல் நின்றுவிடும். மூல டிஸ்கில் ஒரு சின்ன அடையாள ஃபைல் வைத்து, அது கண்ணில் பட்டால் மட்டும் ஆர்சிங்க் ஓடும்படி ஸ்கிரிப்டில் எழுதுங்கள். இப்போது என் வீட்டில் மூன்றும் இருக்கின்றன.

இவ்வளவு சொன்னதால் ஆர்சிங்கைக் கண்டு ஒதுங்கிவிடாதீர்கள், ஒரே ஒரு கட்டளையைக் கற்றுக்கொள்ளத்தான் நேரம் இருக்கிறது என்றால் நான் இதைத்தான் சொல்வேன். ஆஸ்திரேலிய தேசியப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஆண்ட்ரூ ட்ரிட்ஜெல், பால் மக்கெராஸ் இருவரும் 1996ல் வெளியிட்டது. மெதுவான இணைப்பில் பெரிய ஃபைலை முழுதாக அனுப்பாமல் மாறிய துண்டுகளை மட்டும் அனுப்ப வேண்டும் என்பது அவர்கள் யோசனை. அந்தப் பக்கம் உள்ள கணினி தன்னிடம் இருக்கும் பழைய ஃபைலைத் துண்டுகளாக்கி, ஒவ்வொரு துண்டுக்கும் ஒரு சரிபார்ப்பு எண் போட்டு அனுப்பும். இந்தப் பக்கம் புதிய ஃபைலில் அந்த எண்கள் எங்கெல்லாம் பொருந்துகின்றன என்று ஒவ்வொரு பைட்டாக நகர்த்திப் பார்த்து, பொருந்தாததை மட்டும் அனுப்பும். ஒரே கணினிக்குள் டிஸ்கிலிருந்து டிஸ்குக்கு எடுக்கும்போது இந்த வித்தை வேலை செய்யாது, மாறிய ஃபைலை முழுதாகவே எழுதும். அங்கே இடைவழியில் நெட்வொர்க் இல்லை, மிச்சப்படுத்தவும் ஒன்றுமில்லை.

கேள்வி: ஆபீஸ் சர்வருக்கு, வேறு கணினிக்கு நகலெடுக்கும் எஸ்சிபி கட்டளை மூலம் ஒரு ஃபைலை அனுப்பினேன். எந்தப் பிழையும் வரவில்லை, பாஸ்வேர்டுகூடக் கேட்காமல் உடனே முடிந்தது. சர்வரில் போய்ப் பார்த்தால் ஃபைல் இல்லை. எங்கே போனது?
– ஒரு வாசகர், சென்னை

பதில்: எங்கும் போகவில்லை, உங்களிடமே இருக்கிறது. நீங்கள் நின்ற ஃபோல்டரில், பட்டியல் காட்டும் எல்எஸ் கட்டளையைக் கொடுத்துப் பாருங்கள், உங்கள் பயனர் பெயர், அட் குறி, சர்வரின் முகவரி என்று நீளப் பெயரோடு ஒரு ஃபைல் உட்கார்ந்திருக்கும். சர்வர் முகவரிக்குப் பிறகு முக்காற்புள்ளி, அதாவது கோலன், போட மறந்துவிட்டீர்கள். கோலன் இருந்தால்தான் இது வேறு கணினி என்று எஸ்சிபிக்குப் புரியும். இல்லையென்றால் அது வெறும் ஒரு ஃபைல் பெயர், அந்தப் பெயரில் உங்கள் கணினியிலேயே ஒரு நகல் எடுத்து வைத்துவிடும். பாஸ்வேர்டு கேட்காததுதான் அடையாளம். கோலனுக்குப் பின்னால் எதுவும் எழுதாவிட்டாலும் பரவாயில்லை, சர்வரில் உங்கள் ஹோம் ஃபோல்டருக்குப் போகும்.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன், இதில் தடுக்கி விழாதவர்கள் குறைவு. வேறு கணினிக்குள் நுழையும் எஸ்எஸ்எச் கட்டளையில் போர்ட் எண் கொடுக்கச் சின்ன பி, எஸ்சிபியில் பெரிய பி. எஸ்சிபியில் சின்ன பி போட்டால் ஃபைலின் தேதியையும் அனுமதிகளையும் அப்படியே வைத்துக்கொள் என்று பொருளாகிவிடும்.

கேள்வி: நெட்வொர்க்கில் ஃபைல் அனுப்பும் எஃப்டிபி முறையை உருவாக்கியவர் ஓர் இந்தியர் என்கிறார்களே, உண்மையா? இப்போதும் அதைப் பயன்படுத்தலாமா?
– ஒரு வாசகி, சேலம்

பதில்: உண்மைதான். அபய் பூஷண், அலகாபாத்தில் பிறந்தவர், கான்பூர் ஐஐடியின் முதல் அணி மாணவர். அமெரிக்காவின் எம்ஐடியில் இருந்தபோது 1971 ஏப்ரலில் எஃப்டிபியின் முதல் வரையறையை எழுதினார். மகிழ்ச்சியாகச் சொல்லிக்கொள்ள வேண்டிய விஷயம். ஆனால் இன்று அதைப் பயன்படுத்த வேண்டாம், அதில் பாஸ்வேர்டு மறைக்கப்படாமல் அப்படியே போகிறது, வழியில் யார் வேண்டுமானாலும் படிக்கலாம். குரோம், ஃபயர்ஃபாக்ஸ் இரண்டுமே 2021ல் அதைக் கைவிட்டுவிட்டன. எல்லாவற்றையும் மறைத்து அனுப்பும் எஸ்எஃப்டிபிக்கு மாறிக்கொள்ளுங்கள்.

கேள்வி: பழைய மேக்கிலிருந்து லினக்ஸுக்குக் குடும்பப் படங்களை ஆர்சிங்கில் எடுத்தேன். ‘கொலு’ என்ற ஃபோல்டர் ஏற்கெனவே அங்கே இருந்தும், அதே பெயரில் இன்னொன்று பக்கத்திலேயே வந்து நிற்கிறது. ‘திருவிழா’ என்ற ஃபோல்டருக்கு அப்படி ஆகவில்லை. ஏன்?
– ஒரு வாசகர், கும்பகோணம்

பதில்: இந்த மாதக் கேள்விகளில் எனக்கு மிகவும் பிடித்தது இது. நம் எழுத்திலும் தலைகாட்டுகிற சிக்கல் இது.

கண்ணுக்கு ‘கொ’ ஒன்றுதான். யூனிகோடில் அதை இரண்டு விதமாக எழுதலாம். க போட்டு, ஒகரக் குறியை ஒரே குறியீடாகப் போடுவது ஒரு விதம். க போட்டு, ஒற்றைக் கொம்பு தனியாக, கால் தனியாக என்று இரண்டு குறியீடாகப் போடுவது இன்னொரு விதம். திரையில் இரண்டும் ஒரே மாதிரி விழும். மேக்கில் முன்பு இருந்த எச்எஃப்எஸ் பிளஸ் முறை, ஃபைல் பெயர்களை எப்போதும் பிரித்துப் பிரித்தே சேமிக்கும். லினக்ஸ் நீங்கள் கொடுத்ததை அப்படியே வைத்துக்கொள்ளும், நாம் விசைப்பலகையில் தட்டுவது பொதுவாகச் சேர்ந்த வடிவம். ஆகவே கொம்போடு இன்னொரு குறியும் சேர்ந்து வருகிற கொ, கோ, கௌ வரிசை எழுத்துகளோ ஔவோ உள்ள பெயர்கள் மட்டும் இரட்டையாகும். ‘திருவிழா’வில் அப்படி எழுத்து எதுவும் இல்லை, அதனால் தப்பித்தது.

இனி எடுக்கப் போகிறவற்றுக்கு, மேக்கில் ஆர்சிங்கின் புதிய பதிப்பை நிறுவி, ‘ஐகான்வ்’ என்ற விருப்பத்தில் யுடிஎஃப் 8 மைனஸ் மேக், கமா, யுடிஎஃப் 8 என்று கொடுங்கள், போகிற வழியிலேயே சேர்த்து எழுதிவிடும். ஏற்கெனவே வந்து நிற்கும் பெயர்களைச் சரிசெய்ய லினக்ஸில் கான்வ்எம்வி என்ற கருவி இருக்கிறது. அதில் மூல எழுத்து முறை, மாற்ற வேண்டிய எழுத்து முறை இரண்டுக்கும் யுடிஎஃப் 8 என்றே கொடுத்து சேர்ந்த வடிவத்தைக் குறிக்கும் என்எஃப்சி விருப்பத்தைச் சேருங்கள். என்ன மாற்றப் போகிறது என்று முதலில் காட்டிவிட்டு நிற்கும், நோடெஸ்ட் என்று தனியாகச் சொன்னால்தான் மாற்றும். அப்படி மாற்றுவதற்கு முன் இரண்டு கொலு ஃபோல்டரிலும் என்ன இருக்கிறது என்று பார்த்து ஒன்றாக்கிவிடுங்கள், இல்லையென்றால் பெயர் மோதும்.

கூடவே ஒன்று. லினக்ஸில் ஒரு ஃபைல் பெயர் 255 பைட்டுக்கு மேல் போக முடியாது, தமிழில் ஒவ்வொரு குறியீட்டுக்கும் 3 பைட். ‘திருவிழா’ நமக்கு 4 எழுத்து, உள்ளே 8 குறியீடு, 24 பைட். விண்டோஸில் வரம்பு பைட் கணக்கில் இல்லாததால் நீளமான தமிழ்ப் பெயரை ஏற்றுக்கொள்ளும், அதையே லினக்ஸுக்குக் கொண்டுவந்தால் பெயர் நீளம் என்று மறுத்துவிடும். ஊர், தேதி, யார் யார் என்று எல்லாவற்றையும் பெயரிலேயே எழுதும் பழக்கம் இருந்தால் ஃபோல்டர்களாகப் பிரித்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: லினக்ஸில் பென் டிரைவுக்கு காப்பி முடிந்தது என்று வந்த பிறகுதான் கழற்றினேன், ஆனாலும் ஃபைல் கெட்டுப்போயிருந்தது. நகல் சரியாக இருக்கிறதா என்று எப்படி உறுதி செய்வது?
– ஒரு ஆசிரியை, திண்டுக்கல்

பதில்: ‘முடிந்தது’ என்றால் ரேமுக்குப் போய்விட்டது என்று மட்டும்தான் பொருள், அங்கிருந்து டிரைவுக்கு மெதுவாக எழுதிக்கொண்டிருக்கும். கழற்றுவதற்கு முன் சிங்க் என்ற ஒரே சொல்லைத் தட்டி என்டர் அடியுங்கள். எழுதி முடியும்வரை ப்ராம்ப்ட் திரும்பி வராது, பெரிய வீடியோ என்றால் சில நிமிடம்கூட ஆகும், பொறுத்திருங்கள்.

சரிபார்க்க டிரைவை முறையாக அன்மவுண்ட் செய்து, கழற்றி, மறுபடி செருகுங்கள். செருகாமல் பார்த்தால் ரேமில் மிச்சமிருக்கும் நல்ல நகலையே படித்துவிட்டு எல்லாம் சரி என்று சொல்லிவிடும். அப்புறம் ஆர்சிங்க், இடைவெளி விடாமல் மைனஸ் ஆர் சி என் ஐ, ஸ்லாஷோடு மூல ஃபோல்டர், டிரைவில் உள்ள ஃபோல்டர். இரண்டு பக்கமும் ஒவ்வொரு ஃபைலையும் முழுதாகப் படித்து ஒப்பிடும், எதையும் எழுதாது, வித்தியாசம் உள்ளவற்றின் பெயரை மட்டும் காட்டும். ஒரு பெயரும் வராமல் ப்ராம்ப்ட் திரும்பி வந்தால் மூலத்தில் இருந்ததெல்லாம் டிரைவில் அப்படியே இருக்கிறது. ஏதாவது பெயர் வந்தால் ‘ஐ’ எழுத்தை அப்படியே விட்டு ‘என்’ எழுத்தை மட்டும் எடுத்துவிட்டு அதே கட்டளையைத் திரும்பக் கொடுங்கள், கெட்ட ஃபைல்களை மட்டும் மறுபடி எழுதும். அப்புறம் இன்னொரு தடவை சிங்க்.