கேளுங்கள்: பந்தின் பெயர் என்ன?

கேள்வி: பாலக்காட்டில் ஒரு திரைப்படச் சங்கத்தில் ‘தி லைவ்ஸ் ஆஃப் அதர்ஸ்’ பார்த்தேன். ஒட்டுக்கேட்கும் அதிகாரியாக வரும் உல்ரிச் மூஹேயின் முகத்தில் எதுவுமே அசையவில்லை. இதற்கா இத்தனை புகழ்? இந்த ஒரு படத்தோடு நின்றுவிட்டவரா?
– கல்லூரி மாணவி, கொழிஞ்சாம்பாறை

பதில்: அம்மணி, பொள்ளாச்சிக்கும் பாலக்காட்டுக்கும் நடுவே எல்லைச் சாவடி ஒன்றில் இருபத்தெட்டு ஆண்டுகள் எழுத்தராக இருந்தவன் நான். கொப்பரை லாரி வந்து நிற்கும். ஓட்டுநர் பில்லை நீட்டுவார். எங்கள் அதிகாரி அதை வாங்கி மேசையில் வைத்துவிட்டு, ஒன்றும் பேசாமல் ஓட்டுநரையே பார்த்துக்கொண்டிருப்பார். அரை நிமிடம் போதும். தார்ப்பாய்க்கு அடியில் வேறு என்ன இருக்கிறது என்று ஓட்டுநரே சொல்லத் தொடங்கிவிடுவார். மூஹேயைத் திரையில் பார்த்தபோது அந்த மேசைக்கு எதிரே நானே நிற்பதுபோல் வியர்த்துவிட்டது.

மூஹே 1953-இல் கிழக்கு ஜெர்மனியின் கிரிம்மா என்ற ஊரில் பிறந்தவர். அப்பா மென்மயிர்த் தோலில் ஆடை தைப்பவர். மகன் கட்டட வேலை பழகினார். கட்டாய ராணுவச் சேவையில் அவரைக் காவலுக்கு நிறுத்திய இடம் பெர்லின் சுவர். வயிற்றுப் புண் வந்துதான் அங்கிருந்து விடுபட்டார். சுவரேறித் தப்புகிறவரைச் சுடச் சொல்லும் காவல் அது. எங்கள் சாவடியில் மிஞ்சிப்போனால் அபராதம். ஆகவே என் ஒப்பீட்டை இதற்கு மேல் இழுக்க மாட்டேன்.

பிறகு லைப்சிக் நாடகப் பள்ளி, நாடகாசிரியர் ஹைனர் முல்லரின் அழைப்பில் பெர்லின் மேடை. சுவர் திறப்பதற்கு ஐந்து நாள் முன்பு, 1989 நவம்பர் 4 அன்று, அலெக்சாண்டர் சதுக்கத்தில் கூடிய பெருங்கூட்டத்தில் பேசியவர்களில் அவரும் ஒருவர். ஒற்றர் வேடத்துக்கு எப்படித் தயாரானீர்கள் என்று கேட்டவர்களுக்கு, ‘நினைவுபடுத்திக்கொண்டேன்’ என்றாராம்.

லிஃப்ட் காட்சியை மறுபடி பாருங்கள். பந்தோடு ஏறும் சிறுவன், ‘நீங்கள் ஸ்டாசியா?’ என்கிறான். ஸ்டாசி என்பது கிழக்கு ஜெர்மனியின் ரகசியப் போலீஸ். ஸ்டாசிக்காரர்கள் ஆட்களைச் சிறையில் போடும் கெட்டவர்கள் என்று அவன் அப்பா சொல்லியிருக்கிறார். ‘உன்னுடைய...’ என்று தொடங்கும் மூஹே அப்படியே நிற்கிறார். ‘என்னுடைய எது?’ என்கிறான் பையன். ‘பந்து. உன் பந்தின் பெயர் என்ன?’ அப்பாவின் பெயரைக் கேட்க வந்த ஆண்டுக்கணக்கான பழக்கம், தொண்டைவரை வந்து திரும்பிப் போகிறது. கண்ணிமை கொஞ்சம் தாழ்கிறது, அவ்வளவுதான். அசையவில்லை என்றீர்களே, அது இதுதான்.

ஒரு படத்தோடு நின்றவரல்லர். மிஷாயில் ஹானெகேயின் ‘ஃபன்னி கேம்ஸ்’ படத்தில் (1997) தொடக்கத்திலேயே கால் உடைபட்டு, குடும்பத்தைக் காக்க முடியாமல் கிடக்கும் கணவர் அவர். மனைவியாக நடித்த சுசானே லோதார் வாழ்க்கையிலும் அவர் மனைவி. அதை இரவில் தனியாகப் பார்க்க வேண்டாம். 1998 முதல் 2007 வரை ‘கடைசிச் சாட்சி’ என்று பொருள்படும் பெயருள்ள தொலைக்காட்சித் தொடரில் பிணப் பரிசோதனை மருத்துவராக வந்தார். தொடர் என்றதும் மூக்கைச் சுளிக்காதீர்கள். குணச்சித்திர நடிகருக்கு வாராவாரம் அடுப்பு எரிய வேண்டாமா?

கேள்வி: ஆஸ்கர் அவருக்குத்தானே?
– வாசகர், மீனாட்சிபுரம்

பதில்: படத்துக்கு, 2007 பிப்ரவரியில், சிறந்த வெளிநாட்டு மொழிப் படம் என்று. அவருக்குச் சிறந்த நடிகருக்கான ஜெர்மன் விருதும் ஐரோப்பிய விருதும் முந்தைய ஆண்டே வந்துவிட்டன. 2007 ஜூலை 22 அன்று வயிற்றுப் புற்றுநோயில் இறந்தார். வயது 54.

சாவடி மேசைக்குப் பின்னால் உட்கார்ந்திருந்த எங்கள் அதிகாரிக்கு, ஓய்வுபெற்ற பிறகு, இந்தப் படத்தைப் போட்டுக் காட்டினேன். லிஃப்ட் காட்சி முடிந்ததும் என் பக்கம் திரும்பி, ‘அப்பா பெயரைக் கேட்டிருக்க வேண்டும்’ என்றார்.