கேமராவும் நான், நாயகனும் நானா?

கேள்வி: நண்பர்கள் சேர்ந்து குறைந்த செலவில் ஒரு முழுநீளப் படம் எடுக்கிறோம். ஒளிப்பதிவு நான்தான். இப்போது நாயகனாகவும் என்னையே நடிக்கச் சொல்கிறார்கள். “ஒளிப்பதிவாளர் நட்டி (நட்ராஜ்) இரண்டும் செய்யவில்லையா?” என்கிறார்கள். ஒப்புக்கொள்ளலாமா?
— வாசகர், மதுரை

பதில்: ‘சதுரங்க வேட்டை’யில் (2014) நட்டி நாயகனாக நடித்தபோது கேமரா வேறொருவர் கையில் இருந்தது. இதை உங்கள் நண்பர்களிடம் முதலில் சொல்லுங்கள். இரண்டு தொழிலும் தெரிந்திருப்பது வேறு, ஒரே ஷாட்டில் இரண்டையும் செய்வது வேறு.

செய்தவர்கள் இருக்கிறார்கள். அமெரிக்காவில் ஷேன் காருத் ‘ப்ரைமர்’ (2004) படத்தை எழுதி, இயக்கி, ஒளிப்பதிவு செய்து, முக்கிய வேடத்திலும் நடித்தார். செலவு சுமார் 7,000 டாலர். சன்டான்ஸ் திரைப்பட விழாவில் நடுவர் குழுவின் பெரிய பரிசே கிடைத்தது. உங்கள் நண்பர்கள் கண்ணில் இந்தத் தொகை மட்டும்தான் படும். ஆனால் ஒவ்வொரு ஷாட்டையும் முன்கூட்டியே ஸ்டில் படமாக எடுத்துத் திட்டமிட்ட பிறகுதான் அவர் படப்பிடிப்புக்கே போனார். ஃபிரேம் முன்பே முடிவாகியிருந்ததால்தான் கேமராவுக்கு முன்னால் போய் நிற்க முடிந்தது.

‘க்ரீப்’ (2014) படத்தின் கதை வேறு. அதில் இயக்குநர் பேட்ரிக் பிரைஸ், கூலிக்குப் படம் பிடிக்க வந்த ஆளாக நடித்தார். கேமரா பிடிப்பதே அந்த வேடம். கை நடுங்கினால் அதுவும் நடிப்புதான். உங்கள் கதையில் அப்படி ஒரு ஆள் உண்டா?

இல்லையென்றால், நீங்கள் வசனம் பேசும்போது ஃபோகஸை யார் பார்ப்பார்கள்? மேகம் வந்து வெளிச்சம் இறங்கினால் கட் சொல்வது யார்? எனக்கு இதைவிடப் பெரிய கவலை உங்கள் கண்ணைப் பற்றியது. எதிரில் அழுகிற நடிகையின் துக்கத்தைப் பார்க்க வேண்டிய கண், அவர் மூக்கின் கீழே விழும் நிழலைப் பார்த்துக்கொண்டிருக்கும். திரையில் அது பளிச்சென்று தெரியும். எந்த எடிட்டராலும் மறைக்க முடியாது. அந்த நடிகைக்கும் அது பெரிய அநியாயம்.

நடித்தே ஆக வேண்டுமென்றால் ஒரு வழி இருக்கிறது. ஒளிப்பதிவாளரே கேமராவை இயக்க வேண்டும் என்று சட்டம் ஒன்றும் இல்லை. கேமராவை இயக்க நல்ல ஆபரேட்டிவ் கேமராமேன் ஒருவரையும், ஃபோகஸைப் பார்த்துக்கொள்ள ஃபோகஸ் புல்லர் ஒருவரையும் சம்பளம் கொடுத்து வையுங்கள். உங்கள் உயரமும் நிறமும் உள்ள ஒருவரை உங்கள் இடத்தில் நிறுத்தி லைட்டிங்கை முடியுங்கள். லென்ஸை முழுக்கத் திறந்து பின்னணியை மங்கலாக்கும் ஆசையை விடுங்கள். லென்ஸின் துளையை எஃப் 4, 5.6 என்று மூடினால், நீங்கள் நிற்க வேண்டிய மார்க்கிலிருந்து அரை அடி தள்ளி நின்றாலும் ஷாட் தப்பிக்க வாய்ப்புண்டு. அப்புறம், டேக் முடிந்ததும் மானிட்டருக்கு ஓடாதீர்கள். ஆபரேட்டர் ஓகே என்றால் ஓகே.

ஆபரேட்டருக்கும் ஃபோகஸ் புல்லருக்கும் கொடுக்கப் பணமில்லை என்று தயாரிப்பாளர் சொன்னால், நாயகன் வேடத்துக்கு வேறு ஆளைத் தேடச் சொல்லுங்கள். நீங்கள் கேமராவோடு இருங்கள்.