ராட் ஹல்லின் மூன்றாவது கை – கடிதம், பதில்

அன்புள்ள ஐயா,

யூடியூபில் பழைய பிபிசி நிகழ்ச்சித் துண்டு ஒன்று பார்த்தேன். 1976-இல் மைக்கேல் பார்க்கின்சன் எடுத்த பேட்டி. ராட் ஹல் என்பவர் ஈமு பொம்மையோடு வந்து உட்கார்கிறார். சற்று நேரத்தில் பார்க்கின்சன் நாற்காலியிலிருந்து தரைக்கு வந்துவிடுகிறார், ஷூவும் போய்விடுகிறது. ஹல்லின் இரண்டு கைகளும் வெளியே தெரிகின்றன. அப்படியானால் கழுத்தை ஆட்டுவது எது? பறவை ஏன் ஒரு வார்த்தை பேசுவதில்லை? இவர் பிறகு என்ன ஆனார்? எங்கள் பள்ளி ஆண்டு விழாவுக்கு இப்படி ஒன்று செய்ய முடியுமா?

எஸ்., கும்பகோணம்

அன்புள்ள எஸ்.,

பறவையை அணைத்துக்கொண்டிருக்கும் கை பொய்க்கை. கோட்டோடு சேர்ந்தது. நிஜக்கை கழுத்துக்குள் ஏறி அலகில் முடிகிறது. நான்கு விரல்கள் மேல் அலகு, கட்டைவிரல் கீழ் அலகு, தலை திரும்புவது மணிக்கட்டில்.

ஆனால் பொய்க்கை நிஜக்கையை மறைப்பதற்கு மட்டும் இருப்பதல்ல. பேருந்தில் இடுப்புக் குழந்தை பக்கத்து சீட்டுக்காரர் தலைமுடியைப் பிடித்து இழுக்கும், தாய் பதறிப்போய் மன்னிப்புக் கேட்பாள். யாரும் தாயைத் திட்டுவதில்லை. பொய்க்கை ஹல்லை அந்தத் தாயின் இடத்தில் உட்கார வைத்துவிடுகிறது. கொத்துவது அவர் கைதான், ஆனால் தடுக்கப் பார்ப்பவராகத்தான் நம் கண்ணுக்குத் தெரிகிறார். அன்று இதற்கு மசியாதவர் சக விருந்தினர் பில்லி கானலி ஒருவர்தான். பறவை என் பக்கம் வந்தால் அதன் கழுத்தையும் உன் கையையும் உடைப்பேன் என்றார். அவரும் நகைச்சுவைக் கலைஞர், கை எங்கே இருக்கிறது என்று அவருக்குத் தெரியும்.

பேசாததும் பெரிய பலம். உதடு அசையாமல் பொம்மையைப் பேசவைப்பவர்களுக்கு ப, ம, வ மூன்றும் தலைவலி. நம் மொழியில் 'அம்மா', 'அப்பா' என்பதே அவர்களுக்குப் பெரும்பாடு. ஹல் அந்தப் பக்கமே போகவில்லை. மேலும், பேசும் பொம்மையிடம் வாதாடலாம், வாயடைக்கலாம். பேசாத பறவையிடம் என்ன செய்வது? 1972-இல் அரச குடும்பத்தினர் முன் நடந்த கலைநிகழ்ச்சியில் ராணியின் தாயார் கையிலிருந்த பூங்கொத்தையே அது பிய்த்துப்போட்டது.

ஹல் 1935-இல் இங்கிலாந்தில் கென்ட் பகுதியின் ஷெப்பி தீவில் பிறந்தவர். 1956-இல் ஆஸ்திரேலியா போய், சிட்னி தொலைக்காட்சியில் விளக்கு வேலை பார்த்து, குழந்தைகள் நிகழ்ச்சிகளில் நடிக்க ஆரம்பித்தார். ஈமு கைக்கு வந்தது அங்கேதான். 1971-இல் இங்கிலாந்து திரும்பினார். எழுபதுகளில் பிபிசியிலும் எண்பதுகளில் ஐடிவி என்ற இன்னொரு பிரிட்டிஷ் தொலைக்காட்சியிலும் ஈமுவுக்கென்றே தொடர்கள் வந்தன. ஐடிவி தொடரில் இளஞ்சிவப்புக் காற்றாலையில் குடியிருப்பு, எதிரியாக க்ராட்பேக்ஸ் என்ற சூனியக்காரி. ராச்செஸ்டரில் வாங்கிய பழைய மாளிகையைப் புதுப்பிப்பதில் பணம் கரைந்து, 1994-இல் திவாலானார். 1999 மார்ச் 17 அன்று கால்பந்துப் போட்டி பார்ப்பதற்காக ஆன்டெனாவைச் சரிசெய்யக் கூரையேறியவர் தவறி விழுந்து இறந்தார். வயது 63.

இனி உங்கள் பொம்மை. ஒரே துணியில் இரண்டு கோட்டு வேண்டும். இரண்டாவதன் கையை வெட்டி, பஞ்சடைத்து, முழங்கை மடிய உள்ளே கட்டுக்கம்பி விட்டு, கையுறை கோத்து, முதல் கோட்டின் தோளில் தையுங்கள். நிஜக்கை வெளியே வர அக்குளுக்குக் கீழே ஒரு சாண் தையலைப் பிரியுங்கள். பொய் விரல்களைப் பறவையின் வயிற்றோடு நாலு தையல் போட்டு இறுக்க மறக்காதீர்கள். இல்லாவிட்டால் பறவை பாயும்போது கை தனியாகத் தொங்கும், மூன்றாவது வரிசைப் பையன் கத்திவிடுவான்.

உடலுக்கு ஸ்பாஞ்ச். மொத்தமும் அரைக் கிலோவைத் தாண்டக் கூடாது. தாண்டினால் ஐந்து நிமிடத்தில் தோள் வலித்துத் தலை தொங்கும், பறவை அப்போதே செத்துவிடும். உடல் எடையைத் தாங்க இடுப்பில் ஒரு பட்டை கட்டுங்கள். கழுத்துக்குப் பனியன் துணி, கையைவிட இரண்டு விரல்கடை தளர்வாக. இறுகினால் மணிக்கட்டு மடங்காது. அலகுக்குள் விரல்களுக்கு எலாஸ்டிக் வளையம் தைக்காவிட்டால், எதையாவது கவ்வி இழுக்கும்போது அலகு கழன்று எதிராளி கையில் நிற்கும். கண்களை நிஜப் பறவைபோல இருபக்கமும் ஒட்டாமல் கொஞ்சம் முன்தள்ளி ஒட்டுங்கள். அது யாரைப் பார்க்கிறது என்று கடைசி வரிசைக்கும் தெரியவேண்டும், ஏனென்றால் சிரிப்பு அந்தப் பார்வையில்தான் தொடங்குகிறது. பார்க்க, நிறுத்த, வேறுபக்கம் திரும்ப, அப்புறம்தான் கொத்த. அந்த நேரம் ஆட்டுபவர் தலைமையாசிரியரிடம் பணிவாகப் பேசிக்கொண்டே இருக்கவேண்டும். ஆட்டுபவர் கண் பறவை கொத்தப்போகும் ஆள்மேல் போனால் எல்லாம் போச்சு.

யாரைக் கொத்துவது என்று முதல் நாளே அவர்களிடம் சொல்லி வையுங்கள். கண்ணாடி போட்டவர்கள் பக்கமும் கைக்குழந்தை வைத்திருப்பவர்கள் பக்கமும் வேண்டாம்.