நீலகிரி மலை ரயிலைத் தொடங்கிய தனியார் கம்பெனி என்ன ஆனது?

ஊட்டி மலை ரயில் ஆரம்பத்தில் தனியார் கம்பெனியிடம் இருந்ததாமே, அந்தக் கம்பெனி ஏன் நிலைக்கவில்லை என்று கேட்டிருக்கிறீர்கள். நான் குன்னூர்க்காரன். என் தாத்தா அந்த ரயிலில் பிரேக்ஸ்மேனாக, அதாவது பெட்டியில் நின்று பிரேக் போடுபவராக, இருந்து ஓய்வு பெற்றவர். அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

தாத்தா வேலைக்குச் சேர்ந்தபோது கம்பெனி போய் அரை நூற்றாண்டு ஆகிவிட்டது. ஆனாலும் அவர் பேச்சில் குன்னூருக்குக் கீழே 'கம்பெனி லைன்', குன்னூருக்கு மேலே 'சர்க்கார் லைன்'. அவருக்கு முன்னால் வேலை பார்த்தவர்கள் அப்படித்தான் சொல்வார்களாம். சின்ன வயதில் எனக்கு அது வெறும் பெயர். வளர்ந்து, இந்தப் பாதையின் வரலாற்றைத் தேடிப் படித்தபோதுதான் தாத்தா எவ்வளவு சரியாகச் சொல்லியிருக்கிறார் என்று தெரிந்தது.

மலைக்கு ரயில் விடும் யோசனை 1854லேயே வந்துவிட்டது. 1870 முதல் ஊட்டிதான் சென்னை மாகாண அரசுக்குக் கோடைத் தலைநகரம். 1873இல் மேட்டுப்பாளையம் வரை ரயிலும் வந்தது. ஆனால் அங்கே இறங்கியவர்கள் குதிரை பூட்டிய டோங்காவிலோ மாட்டுவண்டியிலோதான் மேலே வர வேண்டும். 1882இல் ரிக்கன்பாக் என்ற சுவிஸ் பொறியாளர் வந்து பார்த்தார். சுவிட்சர்லாந்தின் ரிகி மலையில், தண்டவாளத்துக்கு நடுவே உள்ள பட்டையைப் பல்சக்கரத்தால் பிடித்து ஏறும் ரயிலை ஓட்டிக் காட்டியவர் அவர். அவருடைய திட்டத்தை நம்பி ஒரு கம்பெனி வைக்கப் பார்த்தார்கள், பணம் சேரவில்லை. 1885இல் 25 லட்சம் ரூபாய் முதலீடு என்று சொல்லி நீலகிரி ரயில்வே கம்பெனி உருவானது. அடுத்த வருஷம் அரசோடு ஒப்பந்தமும் ஆனது. ஆனால் முதல் மண்வெட்டி மண்ணைத் தொட்டது 1891 ஆகஸ்டில். ஆளுநர் வென்லாக் பிரபு வந்து வேலையைத் தொடங்கி வைத்தார். மூன்று வருஷம்கூட முழுதாக ஆகவில்லை, 1894 ஏப்ரலில் கம்பெனி திவாலானது. ஒரு பயணியைக்கூட அது ஏற்றவில்லை.

ஏன் என்று கேட்டால், என் பதில் அந்த மலைதான். மேட்டுப்பாளையம் 326 மீட்டர் உயரத்தில் இருக்கிறது, குன்னூர் 1,712 மீட்டரில். கல்லாறு வரை பாதை சமவெளி. அங்கிருந்து குன்னூர் வருவதற்குள் கிட்டத்தட்ட முழு ஏற்றத்தையும் ஏறி முடித்தாக வேண்டும். சில இடங்களில் பன்னிரண்டு அடி போனால் ஓரடி ஏற்றம். பாறையைக் குடைய வேண்டும், ஓடைக்கு ஓடை பாலம் போட வேண்டும், அடிவாரக் காட்டின் மலேரியாவையும் தாங்க வேண்டும். போதாததற்கு ஐப்பசி, கார்த்திகை மழையில் மண் சரியும். இன்றைக்கும் அந்த மாதங்களில் குன்னூருக்குக் கீழே பாதை அடைபட்டு நாள்கணக்கில் ரயில் நிற்கிறது. கையில் இத்தனை எந்திரம் இருக்கும்போதே இந்த நிலை என்றால், கடப்பாரையும் கூடையும் வைத்துக்கொண்டு இறங்கியவர்களுக்கு எப்படி இருந்திருக்கும்? கம்பெனிக்குப் பணம்தான் போனது. அந்தக் காட்டில் வேலை செய்த கூலிக்காரர்களின் கணக்கை யாரும் எழுதி வைக்கவில்லையே என்பது என் நெடுநாள் வருத்தம்.

அப்புறம் 1896 பிப்ரவரியில் இரண்டாவது கம்பெனி வந்தது. பழைய கம்பெனி விட்டுப்போனதை வாங்கி, மீதி வேலையை முடித்து, 1899 ஜூன் 15 அன்று மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூருக்கு ரயில் விட்டது. இங்கே ஒரு விஷயத்தைக் கவனிக்க வேண்டும். பாதை கம்பெனியுடையது. ஆனால் வண்டியை ஓட்டியது, ஒப்பந்தப்படி, மெட்ராஸ் ரயில்வே. 'கம்பெனி ரயில் ஓட்டியது' என்று பொத்தாம்பொதுவாகச் சொல்கிறார்களே, அது பாதிதான் சரி.

அந்தக் கம்பெனி கட்டி முடித்தது எப்பேர்ப்பட்ட பாதை என்பதைக் கல்லாறில் பார்க்கலாம். ஸ்டேஷனைத் தாண்டியதும் இரண்டு தண்டவாளங்களுக்கு நடுவில் பல் வைத்த இரும்புப் பட்டைகள் இரண்டு ஒட்டினாற்போல ஓடும். ஒன்றின் பல் இருக்கும் இடத்தில் மற்றதற்குப் பள்ளம். எந்த நொடியிலும் ஏதாவது ஒரு பல் இன்ஜினின் பல்சக்கரத்தைப் பிடித்திருக்கும். ரோமன் ஆப்ட் என்ற சுவிஸ்காரர் கண்ட முறை இது. ரிக்கன்பாக்கின் ஏணி மாதிரியான பட்டையை விட்டுவிட்டு இதைத் தேர்ந்தெடுத்தார்கள். இன்ஜின் அங்கே வேகத்தைக் குறைத்து, தயங்கித் தயங்கிப் போய், பல்லோடு பல் சேரும்போது உட்கார்ந்திருக்கும் பலகையில் ஒரு அதிர்வு வரும். 'கவ்விடுச்சு' என்பார் தாத்தா.

மலையேறும்போது இன்ஜின் பின்னாலிருந்து தள்ளும். முன்னால் என்ன இருக்கிறது என்று டிரைவருக்குத் தெரியாது. அதனால் ஒவ்வொரு பெட்டிக்கும் ஒரு பிரேக்ஸ்மேன். முதல் பெட்டியின் முகப்பில் நிற்பவர்தான் டிரைவருக்குக் கண். அவர் காட்டும் பச்சைக்கொடியும் சிவப்புக்கொடியும் பெட்டிக்குப் பெட்டி கைமாறிப் பின்னால் போகும். பல்பட்டைக்கு ஒரு பிரேக், சாதாரணச் சக்கரத்துக்கு ஒரு பிரேக், இரண்டும் அவர் பொறுப்பு. தாத்தாவின் வலது உள்ளங்கையில் விரல்கள் தொடங்கும் இடம் கடைசிவரை காய்த்துப்போய்த்தான் இருந்தது. நான் சின்னவனாக இருந்தபோது அதை நகத்தால் சுரண்டிப் பார்ப்பேன், அவருக்கு வலிக்காது.

சரி, கம்பெனி கதைக்கு வருவோம். ரயில் ஓடத் தொடங்கி மூன்றரை வருஷம் ஆனதும், 1903 ஜனவரியில் அரசு 35 லட்சம் ரூபாய் கொடுத்துப் பாதையை வாங்கிக்கொண்டது. கம்பெனியின் கதை அத்தோடு சரி. என் கணிப்பு இது: கவர்னரிலிருந்து குமாஸ்தா வரை போக வேண்டிய இடம் ஊட்டி. குன்னூரோடு நின்றுவிடும் ரயிலில் வந்தவர்கள் மறுபடி டோங்கா ஏற வேண்டியிருந்தது. இத்தனை செலவில் போட்ட பாதை கையைக் கடிக்காமல் இருக்க வேண்டுமென்றால் ஊட்டியைத் தொட்டே ஆக வேண்டும். அதற்கு இன்னொரு பெரும் தொகை வேண்டும். அதைப் போடும் சக்தி சர்க்காருக்குத்தான் இருந்தது. வெலிங்டனில் ராணுவ முகாம், அரவங்காட்டில் அப்போதுதான் வந்த கார்டைட் வெடிமருந்துத் தொழிற்சாலை, இரண்டும் மேலே போகும் வழியில் இருந்ததையும் சேர்த்துப் பாருங்கள். 1908 செப்டம்பரில் ஊட்டிக்குச் சற்று முன்னால் இருக்கும் ஃபெர்ன்ஹில் வரையும், அக்டோபரில் ஊட்டி வரையும் ரயில் போனது. அந்த நீட்டிப்புக்கு ஆன செலவு 24 லட்சத்து 40 ஆயிரம் ரூபாய். குன்னூருக்கு மேலே ஏற்றம் குறைவு, ஏறத்தாழ இருபத்தைந்து அடிக்கு ஓரடிதான். பல்பட்டையே தேவைப்படவில்லை. அதே 1908இல் ரயிலை ஓட்டும் பொறுப்பு தென்னிந்திய ரயில்வேக்கு மாறியது.

ஆக, 46 கிலோமீட்டரில் கஷ்டமான பாகத்தை முடித்தவர்கள் ஊட்டியைப் பார்க்காமலே போனார்கள். 2005இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னம் என்று அறிவித்தபோது குன்னூரில் நாங்கள் எல்லோரும் கொண்டாடினோம். அன்று அந்தக் கம்பெனியின் பேரை யாராவது ஒருவர் சொல்லியிருக்கலாம் என்று எனக்கு இன்னும் தோன்றுகிறது. 2020 டிசம்பரில் தனியார் வாடகைக்கு எடுத்து அதிகக் கட்டணத்தில் ரயில் ஓட்டியபோது 'மலை ரயிலைத் தனியாருக்கு விற்றுவிட்டார்கள்' என்று பேச்சு கிளம்பியதே, அப்போதும் நான் பலரிடம் இந்தக் கதையைத்தான் சொன்னேன். லாபத்தை மட்டும் கணக்குப் பார்த்தால் இந்த மலையில் ரயில் ஓடாது என்பது 1894லேயே தெரிந்துபோன விஷயம்.

ஓய்வு பெற்ற பிறகும் தாத்தா என்னைக் கூட்டிக்கொண்டு இந்த ரயிலில் போவார். குன்னூரில் நீராவி இன்ஜினைக் கழற்றி ஷெட்டுக்கு அனுப்பிவிட்டு டீசல் இன்ஜினை மாட்டுவார்கள். அதுவரை பிளாட்பாரத்தில் இறங்கி நிற்போம். அவர் டீயைக் குடித்து முடித்துவிட்டு, "கம்பெனி லைன் முடிஞ்சுது. இனி சர்க்கார் லைன், ஏறுடா" என்பார்.