கல்லெறிந்தால் சுடலாமா?

அன்புள்ள ஆசிரியருக்கு,

அமெரிக்காவின் ஒஹையோ மாநிலத்திலுள்ள கென்ட் ஸ்டேட் பல்கலைக்கழகத் துப்பாக்கிச்சூடு பற்றி நீங்கள் எழுதியது ஒருதலைப்பட்சமாக இருந்தது. அந்த மாணவர்கள் கட்டடத்தைக் கொளுத்தினார்கள், படையினர்மேல் கல்லெறிந்தார்கள். வியட்நாம் போரை எதிர்க்கிறோம் என்று இப்படியெல்லாம் செய்தால் அரசு கையைக் கட்டிக்கொண்டு நிற்குமா?

எஸ்., திருச்சி

அன்புள்ள எஸ்.,

கட்டடம் எரிந்தது உண்மை, கல் பறந்ததும் உண்மை. கம்போடியாவுக்குள் அமெரிக்கப் படை நுழைகிறது என்று அதிபர் நிக்சன் அறிவித்தது 1970 ஏப்ரல் 30. வளாகத்திலிருந்த ராணுவப் பயிற்சிக் கட்டடம் எரிந்தது மே 2 இரவு. ஒஹையோ தேசியக் காவல்படை சுட்டதோ மே 4, பட்டப்பகலில். 13 வினாடிகளில் 60-க்கும் மேற்பட்ட குண்டுகள். நான்கு பேர் செத்தார்கள், ஒன்பது பேருக்குக் காயம்.

சரி, அந்த நான்கு பேர் எங்கே நின்றார்கள் என்று பாருங்கள். மிக அருகில் இருந்த ஜெஃப்ரி மில்லரே சுமார் 80 மீட்டர் தள்ளி. சாண்ட்ரா ஷோயரும் வில்லியம் ஷ்ரோடரும் கிட்டத்தட்ட 120 மீட்டர். இந்த இருவரும் போராட்டத்திலேயே இல்லை, வகுப்புக்கு இடையில் நடந்து போய்க்கொண்டிருந்தவர்கள். அதிலும் ஷ்ரோடர், கொளுத்தப்பட்டது யாருடைய கட்டடமோ அதே ராணுவப் பயிற்சிப் பிரிவின் மாணவர். 120 மீட்டரிலிருந்து யார் எறிந்த கல் யார் உயிரை வாங்கியிருக்கும்? காயமடைந்தவர்களில் ஒருவரான டீன் கேலர் என்ற மாணவர் தரையில் படுத்துக்கொண்ட பிறகும் முதுகில் குண்டு பாய்ந்து, இடுப்புக்குக் கீழே செயலிழந்து போனார்.

உங்கள் வாதத்தை வெள்ளை மாளிகை அன்றைக்கே சொல்லிவிட்டது: எதிர்ப்பு வன்முறையானால் துயரத்தை அழைத்துக்கொள்ளும் என்று. மக்களும் நம்பினார்கள். காலப் கருத்துக்கணிப்பில் 58 சதவீதம் பேர் பழியை மாணவர்கள்மேல்தான் போட்டார்கள். நிக்சனே அமைத்த ஸ்க்ரான்டன் ஆணையம் துப்பாக்கிச்சூட்டுக்குத் தேவையும் இல்லை, மன்னிப்பும் இல்லை என்று சொன்ன பிறகும், அக்டோபரில் மாநில நடுவர் குழு குற்றம் சாட்டிய 25 பேரில் ஒரு படைவீரர்கூட இல்லை! பின்னால் எட்டு வீரர்கள்மேல் வந்த மத்திய வழக்கையும் நீதிபதி தள்ளுபடி செய்தார். 1979-ல் 6,75,000 டாலர் இழப்பீடும் ஒரு வருத்தக் கடிதமும். அவ்வளவுதான்.

அப்புறம், கென்ட் நடந்து 11 நாளில் மிசிசிப்பியில் ஜாக்சன் ஸ்டேட் கல்லூரியின் பெண்கள் விடுதிமேல் காவல்துறை 400-க்கும் மேற்பட்ட ரவைகளைச் சுட்டது. அங்கே போர் மட்டுமல்ல, நிறவெறியும் சேர்ந்த பிரச்சினை. செத்த இருவரும் கறுப்பர்கள், ஒருவன் பள்ளி மாணவன், வயது 17. அதற்காக யாரும் சிறைக்குப் போகவில்லை. அவர்களைப் பற்றி என் கட்டுரையிலும் இல்லை, உங்கள் கடிதத்திலும் இல்லை. அடுத்து அதைத்தான் எழுதப் போகிறேன்.