முசாண்டாவுக்கு முட்டை ஓடு வேண்டாம்

கேள்வி: ஐயா, நாங்கள் மதுரை திருப்பாலையில் இருக்கிறோம். இரண்டு ஆண்டுகளுக்கு முன் அழகர்கோவில் சாலையோர நர்சரி ஒன்றில் முசாண்டா என்று சொல்லிக் கொடுத்த இளஞ்சிவப்புப் பூச்செடியை வாங்கி வாசலில் வைத்தோம். முதல் ஆண்டு கொத்துக் கொத்தாகப் பூத்தது. இப்போது கொழுந்து இலைகள் வெளிறி, நரம்பு மட்டும் பச்சையாகத் தெரிகிறது. பூவும் சிறுத்துவிட்டது. பூக்க வேண்டும் என்பதற்காக டி.ஏ.பி. உரமும், வாரந்தோறும் முட்டை ஓட்டுத் தூளும் போட்டு வருகிறேன். ஊற்றுவது போர்வெல் தண்ணீர். இதுவரை ஒரு காய்கூடப் பிடிக்கவில்லை. கல்லூரியில் தாவரவியல் படிக்கும் என் மகள், “அது பூவிதழே இல்லை அம்மா, கேலிகோஃபில்” என்கிறாள். அந்தச் சொல்லையே பெயராகக் கொண்ட கேலிகோஃபில்லம் என்ற மரமும் இருக்கிறதாம். இணையத்தில் விதை விற்கிறார்கள். வீட்டுக்குப் பின்னால் மூன்று சென்ட் இடம் காலியாகக் கிடக்கிறது. வாங்கி வைக்கலாமா? — வாசகி ஒருவர்

பதில்: முதல் வேலையாக முட்டை ஓட்டை நிறுத்துங்கள். டி.ஏ.பி.யையும் நிறுத்துங்கள். செடி பசியால் வாடவில்லை. நீங்கள் போடுவதுதான் அதன் வாயைக் கட்டியிருக்கிறது.

கொழுந்து வெளிறி நரம்பு மட்டும் பச்சையாக நின்றால் அது இரும்புச்சத்துக் குறை. அடி இலைகளில் தொடங்கி மேலே ஏறினால் மக்னீசியக் குறை என்று சந்தேகிக்கலாம். நீங்கள் கொழுந்தைச் சொல்வதால் இரும்புதான். இதில் ஒரு வேடிக்கை உண்டு. நம் மண்ணில் பெரும்பாலும் இரும்பு இல்லாமல் இல்லை. மண்ணில் காரத்தன்மை ஏறிவிட்டால் இருக்கும் இரும்பு கரையாது, வேர் அதை எடுக்க முடியாது. முசாண்டா சற்றே புளிப்புத் தன்மையுள்ள மண்ணை விரும்பும் செடி. மதுரையில் பல தெருக்களில் போர்வெல் தண்ணீர் உப்பும் சுண்ணாம்பும் கலந்தது. குளியலறைக் குழாய் வாயில் படியும் வெள்ளைப் படிவம் எதுவோ அதையேதான் செடிக்கும் தினமும் ஊற்றுகிறோம். அதற்கு மேல் முட்டை ஓட்டைப் போட்டால் சுண்ணாம்பின் மேல் சுண்ணாம்பு. டி.ஏ.பி.யில் இருக்கும் மணிச்சத்து மிகுந்தால் இரும்பை இன்னும் இறுக்கிப் பிடித்துக்கொள்ளும். பூ வரவில்லை என்று இன்னும் கொஞ்சம் போட்டிருப்பீர்கள், இலை இன்னும் கொஞ்சம் வெளுத்திருக்கும். அடுப்புச் சாம்பலும் இதே ரகம். சமையலறைக் கழிவெல்லாம் செடிக்கு நல்லது என்று யாரோ கிளப்பிவிட்ட நம்பிக்கை, சுண்ணாம்பு பிடிக்காத செடிகளைப் படுத்தும் பாடு கொஞ்சமல்ல.

உடனடி மருந்து நாட்டு மருந்துக் கடையிலும் உரக்கடையிலும் கிடைக்கும் அன்னபேதி, அதாவது இரும்பு சல்ஃபேட். ஒரு லிட்டர் நல்ல தண்ணீருக்கு ஐந்து கிராம் அன்னபேதி, ஒரு கிராம் சிட்ரிக் அமிலம் (மளிகைக் கடையில் எலுமிச்சை உப்பு என்று கேளுங்கள்). எலுமிச்சை உப்பை முதலில் கரைத்துவிட்டுப் பிறகு அன்னபேதியைப் போடுங்கள். வெயில் தாழ்ந்த பிறகு இலையின் இரு பக்கமும் நனையும்படி தெளியுங்கள். பத்துப் பதினைந்து நாள் இடைவெளியில் மூன்று முறை போதும். அன்னபேதி வெளிர்பச்சைக் கற்களாக இருக்க வேண்டும். துரு நிறமாகிவிட்டதை வாங்காதீர்கள், அதனால் பயனில்லை. கரைசலை அன்றன்றே தீர்த்துவிடுங்கள். வாசல் டைல்ஸில் பட்டால் துருக்கறை போகவே போகாது, நிறமேறிய கொத்துகளின் மேல் பட்டாலும் கறுப்புப் புள்ளி விழும். ஆகவே கொத்துகளை வெட்டிவிட்டுத் தெளிப்பது நல்லது. புதுக் கொழுந்து பச்சையாக வந்தால் வழிக்கு வந்துவிட்டது என்று அர்த்தம். பழைய இலை முழுதாகத் தேறும் என்று காத்திருக்க வேண்டாம்.

தெளிப்பு தற்காலிகம்தான், மண்ணைச் சரிசெய்வதே தீர்வு. மேல் மண்ணில் கிடக்கும் ஓட்டுத் தூளை முடிந்தவரை சுரண்டி எடுங்கள். நன்கு மக்கிய தொழு உரமோ இலை மக்கோ ஒரு கூடை போட்டு, மேலே சருகு மூடாக்குப் போடுங்கள். மாடியில் விழும் மழைநீரைப் பிடித்து வைத்து வாரம் ஒருமுறையாவது அதை ஊற்றுங்கள். வேரில் ஊற்றும் இரும்பு செலேட் (இரும்பு மண்ணில் இறுகாமல் பிடித்துவைக்கும் உரம்) வாங்குவதாக இருந்தால், உறையில் ‘ஈ.டி.டி.எச்.ஏ.’ (EDDHA) என்று போட்டிருப்பதாகப் பாருங்கள். மலிவாகக் கிடைக்கும் ‘ஈ.டி.டி.ஏ.’ (EDTA) வகை கார மண்ணில் சீக்கிரமே செயலிழந்துவிடும். யானைமலை அடிவாரத்தில், ஒத்தக்கடையில் வேளாண்மைக் கல்லூரி இருக்கிறது. அங்கே மண், தண்ணீர்ப் பரிசோதனை பற்றி விசாரித்து, கார அமில நிலை எண்ணைத் தெரிந்துகொண்டால் குருட்டு வைத்தியம் தேவைப்படாது.

இனி உங்கள் மகள் சொன்னது. அவர் சொல்வது சரி. ஒரு கொத்தை ஒடித்துக் கையில் வைத்துப் பாருங்கள். இளஞ்சிவப்பு மடல்களுக்கு நடுவே விரல் நகத்தைவிடச் சிறிதாக, ஐந்து முனையுள்ள மஞ்சள் நட்சத்திரம் ஒன்று இருக்கும். அதன் கீழே மெல்லிய குழல். அதுதான் பூ. குழலை மெதுவாக இழுத்தால் கையோடு வந்துவிடும்; இளஞ்சிவப்பு மடல்கள் அசையாமல் நிற்கும். அவற்றுக்குக் கீழே காம்பின் உச்சியில் மிளகளவில், பூனைமயிர் படர்ந்த ஒரு முடிச்சைத் தடவிப் பாருங்கள். அது சூற்பை. சூற்பையின் தலையில் முளைத்து, பூக்குழலைச் சுற்றி நிற்பவை புல்லி இதழ்கள். ஒரு மடலை வெயிலுக்கு நேரே பிடித்தால் நடு நரம்பு, கிளை நரம்பு, அவற்றுக்கிடையே வலைப் பின்னல் என்று சாதாரண இலையின் அமைப்பு அப்படியே தெரியும். புல்லி இதழ் இப்படி இலை அளவுக்கு விரிந்து நிறமும் ஏறிவிட்டால் அதற்குத்தான் கேலிகோஃபில் என்று பெயர். தமிழில் புல்லியிலை என்று சொல்லிக்கொள்ளலாம்.

காகிதப்பூவையும் இதோடு சேர்த்துக் குழப்பிக்கொள்வார்கள். காகிதப்பூவில் நிறம் காட்டுவது பூவடிச் செதில். அது பூவின் உறுப்பல்ல, பூவுக்கு வெளியே நிற்கும் இலை. மூன்று செதிலிலும் உள்பக்க நடு நரம்பில் ஆளுக்கொரு சிறு வெள்ளைப் பூ ஒட்டியிருக்கும். கிறிஸ்துமஸ் காலத்தில் விற்கும் சிவப்புப் பாயின்செட்டியாவும் செதில் கதைதான். மாறாக, நீலக்கொடியாகப் பந்தலில் படரும் பெட்ரியாவில் நிறம் காட்டுவது புல்லி இதழ். உள்ளே இருக்கும் கருநீலப் பூ சீக்கிரம் உதிர்ந்துவிடும். வெளிர்நீல நட்சத்திரம் நாள்கணக்கில் நிற்கும்.

காட்டு முசாண்டாவைப் பார்த்தால் இந்த ஏற்பாடு இன்னும் தெளிவாகப் புரியும். மேற்குத் தொடர்ச்சி மலையில் வெள்ளிலை, வெள்ளிமடந்தை என்ற பெயர்களில் அறியப்படும் செடி அது. கொத்தில் இருக்கும் பூக்களில் சிலவற்றில் மட்டும், ஐந்து புல்லி இதழ்களில் ஒன்று மட்டும், காம்பு வைத்த வெள்ளை இலையாக நீண்டு தொங்கும். மற்ற நான்கும் நூல்போலச் சுருங்கிக் கிடக்கும். ஆரஞ்சு நிறச் சிறு பூ தூரத்துக் கண்ணில் படாது. பச்சைப் புதருக்குள் அந்த வெள்ளை இலை பளிச்சென்று தெரியும். அந்த மலையிலேயே செய்த ஆய்வொன்று, வெள்ளை மடல்களை நீக்கினால் வண்ணத்துப்பூச்சிகளின் வருகை எப்படிப் பாதிக்கப்படுகிறது என்று பார்த்திருக்கிறது. மடல் இல்லாவிட்டால் பூவுக்குத்தான் நட்டம்.

உங்கள் வீட்டுச் செடியில் ஐந்து புல்லி இதழும் ஏன் இலையாகிவிட்டன? அது பிலிப்பைன்ஸ் நாட்டுக் கதை. அங்கே மகிலிங் மலைச் சரிவில், ஐந்து புல்லி இதழும் வெள்ளையாக விரிந்த ஒரு பிறழ்செடியைக் கண்டெடுத்தார்கள். அதிபர் மனுவேல் கேசோனின் மனைவி அவுரோராவின் பெயரால் அது ‘தோன்யா அவுரோரா’ ஆயிற்று. அந்த வெள்ளையோடு ஆப்பிரிக்காவின் சிவப்பு முசாண்டாவைக் கலந்ததில் இளஞ்சிவப்பு வகைகள் பிறந்தன. அதிபர் மனைவியர் பெயர்கள் பலவற்றுக்கும், தாய்லாந்து அரசி சிரிகித்தின் பெயர் ஒன்றுக்கும் சூட்டப்பட்டன. நம் நர்சரிகளில் ‘பிங்க் முசாண்டா’ என்று பொதுவாக விற்பவை இந்த வழியில் வந்தவையே. இப்படிக் கலப்பில் பிறந்தவை பெரும்பாலும் விதை பிடிப்பதில்லை. காய் வரவில்லையே என்று கவலைப்பட வேண்டாம், அதற்குக் காரணம் உங்கள் பராமரிப்பு அல்ல.

அடுத்த செடி வேண்டுமென்றால் விண்பதியமோ (கிளை செடியில் இருக்கும்போதே அதில் வேர்விடச் செய்வது) குச்சியோதான் வழி. பென்சில் கனமுள்ள, பாதி முற்றிய கிளையில், ஆடி பிறந்து காற்றில் ஈரம் ஏறும் நாள்களில் பதியம் கட்டுங்கள். குச்சி நட்டால் வேர்விடத் தூண்டும் தூளைத் தொட்டு நட வேண்டும், அப்படியும் நிறையக் கருகும். எனக்குக் கேட்டால் பதியமே மேல்.

கொத்துகள் வாரக்கணக்கில் நின்று, பிறகு வெளுத்துப் பழுப்பாகிக் காகிதம்போல் தொங்கும். நோயில்லை, அவற்றின் காலம் முடிந்தது. கொத்துக்கு அடியில் இரண்டு கணு சேர்த்து வெட்டிவிடுங்கள். புதுத் தளிரின் நுனியில்தான் கொத்து வரும் என்பதால் வெட்டினால்தான் பூக்கும். பெரிய கவாத்து மாசியில், மூன்றில் ஒரு பங்கு உயரம் குறையும்படி செய்யலாம். மார்கழியில் செடி சற்றே சோம்பி இலை கொட்டினால் தண்ணீரைக் குறையுங்கள், உரம் கொடுத்து எழுப்பப் பார்க்காதீர்கள். ஐந்தாறு மணி நேர வெயில் வேண்டும். கணுக்களில் வெள்ளைப் பஞ்சு தெரிந்தால் மாவுப்பூச்சி; தண்ணீரைப் பீய்ச்சியடித்துக் கழுவிவிட்டு வேப்பெண்ணெய் சோப்புக் கரைசல் தெளித்தால் அடங்கும்.

மரத்துக்கு வருகிறேன். கேலிகோஃபில்லம் என்ற பேரினப் பெயரை 1830இல் டி கேண்டோல் சூட்டினார். காப்பிச் செடி, முசாண்டா, இட்லிப்பூ, நம் ஊர் மஞ்சணத்தி எல்லாம் இருக்கும் ரூபியேசி குடும்பம்தான் அதற்கும். மீனாட்சியம்மன் கோயில் தல மரமான கடம்பும் இதே குடும்பம் என்பதால், கடம்பவனம் என்று பெயர் வாங்கிய ஊரில் இருந்துகொண்டு நீங்கள் சொந்தக்காரரைத்தான் விசாரிக்கிறீர்கள். பேரினத்தில் பெயர்பெற்றவை இரண்டு. ஒன்று மத்திய அமெரிக்காவின் காண்டிடிசிமம். நிகராகுவாவின் தேசிய மரம், அங்கே மாட்ரோன்யோ என்பார்கள். வறண்ட காலத்தில் வெள்ளைப் புல்லியிலைகள் விரிந்து மரத்தையே மூடிவிடும். டிசம்பரில் கன்னி மரியாள் விழாப் பீடங்களை அதன் கிளைகளால் அலங்கரிக்கிறார்கள். வில், தூண்டில் கோல், கருவிப் பிடி செய்ய வளைந்து கொடுக்கும் உறுதியான மரம். மற்றொன்று அமேசானின் ஸ்புரூசியானம். இணையத்தில் விற்பது பெரும்பாலும் இதுதான், அதன் புகழ் பட்டைக்கே. ஆண்டுதோறும் பட்டையை உரித்துப்போட்டுவிட்டு, பச்சையில் தொடங்கி வெண்கல நிறத்துக்கு மாறி மினுமினுக்கும். டிரினிடாடின் தேசிய மலரான சக்கோனியா என்ற வார்ஷெவிச்சியாவும் இந்தக் குடும்பத்துப் புல்லியிலை மரம்தான். அந்நாடு விடுதலை பெற்ற ஆகஸ்ட் 31ஐ ஒட்டிச் சிவந்து பூக்கும்.

இவற்றில் எதையும் திருப்பாலையில் மூன்று சென்டில் வைக்க நான் சொல்ல மாட்டேன். ஸ்புரூசியானம் ஆற்றுவெள்ளம் ஏறும் படுகையில் முப்பது மீட்டர் வரை உயரும் மரம். மதுரையில் ஆண்டுக்கு 850 மில்லிமீட்டர் அளவில்தான் மழை, அதிலும் பாதி ஐப்பசி கார்த்திகையில் கொட்டித் தீர்ந்துவிடும். காண்டிடிசிமம் வறட்சி தாங்கும் காட்டு மரம் என்பதால் அதற்கு வாய்ப்பு உண்டு. ஆனால் நம்பகமான கன்று இங்கே எளிதில் கிடைக்காது. வெளிநாட்டிலிருந்து விதை தருவிக்க 2003ஆம் ஆண்டின் தாவரத் தனிமைப்படுத்தல் ஆணைப்படி அனுமதியும் சான்றும் வேண்டும். அது எதுவுமின்றித் தபாலில் வரும் பொட்டலத்தில் என்ன விதை இருக்கிறது என்பதற்கு விற்பவரின் படம் மட்டுமே சாட்சி. இதன் விதை தூசியளவில் இருப்பதால் பார்த்தும் சொல்ல முடியாது.

மகளுக்குக் காட்டுவதற்காக என்றால் கடல் தாண்ட வேண்டியதில்லை. புல்லி இதழ் பூவோடு உதிராமல் பெரிதாவதைக் காட்ட வரப்போரத்துச் சொடக்குத் தக்காளி போதும். நெற்றியில் அடித்து வெடிக்கும் அந்த உறை முழுவதும் புல்லிவட்டம்தான். தேக்கங்காயை மூடியிருக்கும் உப்பிய உறையும் அதுவே. சால மரத்தின் காயில் அது ஐந்து இறக்கையாகும். வறண்ட குன்றுகளில் வளரும் தணக்கு மரத்தின் காய்க்கு இரண்டு நீண்ட இறக்கை. அவையும் பூவின் வெளிவட்ட மடல்கள் வளர்ந்தவையே. உயரத்திலிருந்து போட்டால் சுழன்றுகொண்டே இறங்கும்.

பின்புறத்து இடத்துக்கு என் யோசனை இது. சுவரிலிருந்து தள்ளி ஒரு மஞ்சணத்தி வையுங்கள். நம் மண்ணுக்கும் தண்ணீருக்கும் முகம் சுளிக்காது, வெள்ளைப் பூவில் மணமும் உண்டு. பந்தலில் ஒரு பெட்ரியா ஏற்றுங்கள். இப்போதுள்ள முசாண்டா தேறிய பிறகு அதிலிருந்து ஒரு பதியம் எடுத்து, பக்கக் கிளைகளைக் கிள்ளி ஒற்றைத் தண்டாக ஏற்றினால் இரண்டு மூன்று மீட்டரில் ஒரு சின்ன மரமாகவே நிற்கும். குழியைச் செம்மண்ணும் இலை மக்கும் கலந்து நிரப்புங்கள், கட்டட இடிபாடு ஒரு துண்டுகூட உள்ளே போக வேண்டாம். வீடு கட்டியபோது கொட்டிய சிமெண்டும் சுண்ணாம்பும் பெரும்பாலும் பின்புறத்தில்தான் புதைந்திருக்கும், இரண்டடி தோண்டிப் பார்த்துவிட்டு நடுங்கள்.